நரம்புக் கடத்தல் சோதனை: நோயாளிக்குக் கொடுக்கும் தாளில் என்ன பெயர் போடுவது?

குடந்தை பிசியோ கேட்டது:

எல்லோருக்கும் வணக்கம். நரம்புச் சோதனைக்கு வருகிறவர்களுக்கு முன்கூட்டியே கொடுக்க ஒரு பக்கத் தாள் எழுதிக்கொண்டிருக்கிறேன். திருத்துறைப்பூண்டி, பேராவூரணி, வேதாரண்யம் என்று தொலைவிலிருந்து பஸ் ஏறி வருகிறவர்கள்தான் அதிகம். விஷயம் தெரியாமல் வந்து திரும்பிப் போனால் ஒரு நாள் கூலி போய்விடும்.

டாக்டர் சீட்டில் ஒருவர் 'என்.சி.எஸ்.' என்கிறார், ஒருவர் 'என்.சி.வி.', இன்னொருவர் 'ஈ.என்.எம்.ஜி.'. நான் தலைப்பாக 'நரம்பு கடத்தல் ஆய்வு' என்று போட்டேன். வாசித்துக் காட்டினால் யாருக்கும் பிடிபடவில்லை. மூன்றும் ஒரே சோதனைதானா? தமிழில் எப்படிச் சொன்னால் சரியாகப் போய்ச் சேரும்? வருவதற்கு முன் என்னென்ன சொல்ல வேண்டும்? முக்கியமாக, ரிப்போர்ட்டில் 'நார்மல்' என்று வந்தால் "அப்போ நோயே இல்லையா?" என்கிறார்கள். அதற்குத் தாளில் ஒரு வரி வேண்டும்.

---

ஐயாறன் பதில்:

பெயரைப் பற்றி மட்டும் சொல்கிறேன். மருத்துவப் பகுதியை அந்த வேலையில் இருப்பவர்கள் சொல்லட்டும்.

சிக்கல் 'கடத்தல்' வருவதற்கு முன்பே, 'நரம்பு' என்ற சொல்லிலேயே தொடங்கிவிடுகிறது. சலைன் ஏற்றும்போது "நரம்பு கிடைக்கல" என்றால் அது ரத்தக் குழாய், சிரை. "கால்ல நரம்பு சுருட்டிக்கிச்சு" என்பதும் சிரைதான். அதற்குப் பார்ப்பது டாப்ளர் ஸ்கேன். "கழுத்துல நரம்பு பிடிச்சிருக்கு" என்றால் பெரும்பாலும் தசைப்பிடிப்பு. பஸ் ஸ்டாண்டு சுவரில் ஒட்டியிருக்கும் 'நரம்புத் தளர்ச்சி' வேறு சங்கதி. ஆக 'நரம்புச் சோதனை' என்று மொட்டையாகப் போட்டால் காலில் சிரை புடைத்த அம்மா இது தனக்கான சோதனை என்று நினைப்பார். கை மரத்துப்போன இளைஞர் சீட்டை மடித்துப் பையில் வைத்துக்கொள்வார். தாளின் முதல் வரியே இப்படி இருக்கட்டும்: "இங்கே நரம்பு என்பது மூளைக்கும் கை கால்களுக்கும் இடையே செய்தி கொண்டுபோவது. ரத்தக் குழாய் அல்ல."

'கடத்தல்' பள்ளிக்கூடத்தில் நல்ல சொல். மின்கடத்தி, வெப்பக் கடத்தல் எல்லாம் படித்திருக்கிறோம். வகுப்பறைக்கு வெளியே, அதுவும் கொள்ளிடக் கரைக்காரர்களுக்கு, கடத்தல் என்றால் மணல் கடத்தல்தான். நீங்கள் 'க்' போடாமல் 'நரம்பு கடத்தல்' என்று எழுதியது நரம்பையே யாரோ கடத்திக்கொண்டு போவதாகப் படிக்க இடம் தருகிறது. 'நரம்புக் கடத்தல்' என்று ஒற்று மிகுந்து எழுதுவதே முறை. ஆனால் அந்த ஒற்று ஒன்றே பொருளை விளக்கிவிடாது. கீழே ஒரு வரி வேண்டும்: "நரம்பு செய்தியை எவ்வளவு வலுவாக, எவ்வளவு விரைவாகக் கொண்டுபோகிறது என்று பார்க்கும் சோதனை."

'ஆய்வு' வேண்டாம். அது ஆராய்ச்சியைத்தான் நினைவூட்டும். 'சோதனை' போதும்.

'கரண்ட் டெஸ்ட்' என்று எழுதச் சிலர் சொல்வார்கள். எழுதாதீர்கள். உங்கள் துறையிலேயே "கரண்ட் வைக்கிறது" என்றால் வலிக்கான சிகிச்சை. சோதனைக்குப் போய்விட்டு வந்து "கரண்ட் வச்சும் மரத்துப்போனது சரியாகல" என்று சொல்வது அதனால்தான். 'ஷாக்' என்றால் மனநல வைத்தியத்தில் கொடுப்பதை நினைத்துப் பயப்படுவார்கள். 'சிறு மின் துடிப்பு' என்று எழுதலாம். எப்படி இருக்கும் என்று சொல்ல எல்லோருக்கும் தெரிந்த உவமை இருக்கிறது: முழங்கை மேசை விளிம்பில் இடித்தால் சுண்டு விரல் வரை 'விர்ர்' என்று ஓடுமே, அது. அதுவும் ஒரு நரம்பைத் தூண்டுவதுதான் என்பதால் உவமை பொருளோடும் ஒட்டுகிறது.

இன்னொன்று 'ஊசி'. நம் பேச்சில் ஊசி என்றால் மருந்து. தசைக்குள் வைத்துப் பார்க்கும் சோதனைக்கு 'ஊசிச் சோதனை' என்று மட்டும் எழுதினால், மருந்து போட்டார்கள் என்றே வீட்டில் சொல்வார்கள். "மருந்து இல்லாத மெல்லிய ஊசி" என்று முழுதாக எழுதுங்கள்.

---

தஞ்சை நியூரோ லேப் பதில்:

ஐயாறன் ஐயா சொன்ன 'கரண்ட்' குழப்பம் தினமும் நடப்பதுதான். சீட்டு விஷயத்துக்கு வருகிறேன்.

என்.சி.எஸ். என்பது முழுச் சோதனை. என்.சி.வி. என்பது அந்தச் சோதனையில் கிடைக்கும் பல எண்களில் ஒன்று, வேகம் மட்டும். பழக்கத்தில் இரண்டையும் ஒரே அர்த்தத்தில் எழுதுகிறார்கள், அதனால் சீட்டில் என்.சி.வி. இருந்தால் முழுச் சோதனையே செய்யப்படும். ஈ.எம்.ஜி. என்பது தசைக்குள் ஊசி வைத்துப் பார்ப்பது. ஈ.என்.எம்.ஜி. என்றால் இரண்டும் சேர்ந்தது. இந்த ஒன்றை மட்டும் சீட்டு வந்தவுடன் டாக்டரிடம் போனில் கேட்டு உறுதி செய்யுங்கள். ஊசிப் பகுதி உண்டா இல்லையா என்பதைப் பொறுத்துக் கட்டணம், நேரம், ரத்தம் உறையாமலிருக்கச் சாப்பிடும் மாத்திரை பற்றிய கேள்வி எல்லாம் மாறும். நரம்பு மட்டும் என்றால் அரை மணியிலிருந்து 1 மணி நேரம். ஊசியும் சேர்ந்தால் ஒன்றரை மணி நேரம்கூட ஆகலாம்.

என்ன நடக்கிறது என்பதற்குக் கையில் ஓடும் மீடியன் நரம்பைச் சொல்கிறேன். கட்டை விரலின் அடியில் சதை திரண்டிருக்கும் மேட்டின் நடுவில் ஒரு மின்முனை, கட்டை விரல் மூட்டின் மேல் ஒன்று, இரண்டுக்கும் தூண்டும் இடத்துக்கும் நடுவே எர்த். முதல் மின்முனையிலிருந்து 7 செ.மீ. அளந்து மணிக்கட்டில் பேனாவால் புள்ளி வைத்து அங்கே தூண்டுகிறோம். துடிப்பின் நீளம் 0.1 அல்லது 0.2 மில்லிவிநாடி. மின்னோட்டத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றும்போது கட்டை விரல் முதலில் லேசாக அசையும், பிறகு நன்றாகத் துள்ளும், திரையில் அலை உயர்ந்துகொண்டே வரும். ஒரு கட்டத்துக்கு மேல் எவ்வளவு ஏற்றினாலும் அலை உயராது. அதற்கும் மேல் சுமார் 20 சதவீதம் கூட்டிப் பதிவு செய்கிறோம். அடுத்து முழங்கை மடிப்பில் அதே நரம்பைத் தூண்டுகிறோம்.

தூண்டியதிலிருந்து அலை தொடங்க மணிக்கட்டிலிருந்து 3.6 மில்லிவிநாடி, முழங்கையிலிருந்து 7.8 மில்லிவிநாடி, இரண்டு புள்ளிக்கும் தூரம் 220 மி.மீ. என்று வைத்துக்கொள்ளுங்கள். வித்தியாசம் 4.2. 220-ஐ 4.2-ஆல் வகுத்தால் விநாடிக்கு 52 மீட்டர். கைக்கு சுமார் 50-க்கு மேல், காலுக்கு 40-க்கு மேல் என்பது பொதுவான கணக்கு. எல்லை ஒவ்வொரு லேபுக்கும் சற்று மாறும். தவளை நரம்பில் ஜெர்மன் அறிஞர் ஹெல்ம்ஹோல்ட்ஸ் 1850-இல் வேகத்தை அளந்ததும் இதே யோசனையில்தான்: இரண்டு இடத்தில் தூண்டு, நேர வித்தியாசத்தால் தூரத்தை வகு.

தவறு எங்கே நுழைகிறது என்றால், முதலிடம் குளிருக்கு. ஏ.சி. அறையில் அரை மணி நேரம் உட்கார வைத்தவரின் கை 28 டிகிரிக்கு இறங்கியிருக்கும். கைத் தோலில் 32 டிகிரி, பாதத்தில் 30 டிகிரியாவது வேண்டும். ஒரு டிகிரி குறைந்தால் வேகம் விநாடிக்கு 1.5 முதல் 2.5 மீட்டர் வரை குறையும், அலை வந்துசேரும் நேரம் சுமார் 0.2 மில்லிவிநாடி கூடும். 4 டிகிரி குறைந்தாலே நல்ல நரம்பு நோய்ப்பட்ட நரம்பு மாதிரி தெரியும். கண்டுபிடிக்க ஓர் அடையாளம் உண்டு: குளிர்ந்த கையில் வேகம் குறையும், ஆனால் அலை வழக்கத்தைவிட உயரமாக இருக்கும். மெதுவாகவும் உயரமாகவும் அலை வந்தால் முதலில் தெர்மாமீட்டரை எடுங்கள். வெதுவெதுப்பான தண்ணீரில் 10, 15 நிமிடம் வைத்துத் துடைத்துவிட்டு மறுபடி பாருங்கள். சர்க்கரை நோயாளியின் பாதத்துக்குச் சூடு தெரியாது, அதனால் தண்ணீரை உதவியாளர் தன் கையால் தொட்டுப் பார்க்காமல் காலை உள்ளே விடக்கூடாது.

இரண்டாவது எண்ணெய். சனிக்கிழமை எண்ணெய் தேய்த்துக் குளித்துவிட்டு வருவார்கள், கால் வலிக்குத் தைலம் தடவியிருப்பார்கள், பற்று போட்டிருப்பார்கள். தோலில் எண்ணெய்ப் படலம் இருந்தால் மின்முனை சரியாக ஒட்டாது, வெளிக் கணுக்காலுக்குப் பின்னால் பதிவாகும் சிறிய உணர்ச்சி அலை இரைச்சலில் மூழ்கிவிடும். அந்த அலை 10, 15 மைக்ரோவோல்ட்தான், 6-க்குக் கீழே போனால் குறைவு என்று எழுதுகிறோம். கரண்ட் லைனிலிருந்து வரும் 50 ஹெர்ட்ஸ் இரைச்சல் தெரிந்தால் தோலைத் துடைத்து, எர்த்தைச் சரி பார்த்து, பக்கத்தில் ஓடும் ஃபேனையும் கட்டில் மோட்டாரையும் நிறுத்துங்கள். அந்த இரைச்சலை மட்டும் வெட்டும் நாட்ச் ஃபில்டரைப் போட்டு மறைத்தால் அலையின் வடிவமும் கெடும்.

தூண்டியைத் தலைகீழாகப் பிடிப்பது இன்னொன்று. அதன் எதிர்மின்முனைதான் (கேத்தோடு) பதிவு செய்யும் பக்கம் இருக்க வேண்டும். மாறிப் பிடித்தால் 2, 3 செ.மீ. தூரம் கூடி, அரை மில்லிவிநாடி அளவு தாமதம் தானாக ஏறிவிடும். எல்லையில் நிற்கும் மணிக்கட்டு நரம்பு அழுத்தத்தில் அது போதும், இல்லாத நோயை எழுத. டேப்பும் அப்படித்தான். நீள தூரத்தில் 1 செ.மீ. பிசகினால் பெரிய மாற்றமில்லை. முழங்கையைக் கடக்கும் 10 செ.மீ. துண்டில் அதே 1 செ.மீ. பிசகு விநாடிக்கு 5 மீட்டராகத் தெரியும். தூண்டும்போது முழங்கை எவ்வளவு மடங்கியிருந்ததோ, அதே மடிப்பில்தான் டேப்பும் வைக்க வேண்டும்.

---

மயூரம் நியூரோ பதில்:

லேப் நண்பர் செய்முறையை நன்றாகச் சொல்லிவிட்டார். 'நார்மல்' பற்றி நான் எழுதுகிறேன். என்.சி.வி. என்ற பெயரே படிப்பவரைத் திசைதிருப்புகிறது என்பது என் எண்ணம். வேகத்தைவிட அலையின் உயரம்தான் பல நேரம் அதிகம் பேசும்.

டெல்டாக்காரர்களுக்கு இதைச் சொல்வது எளிது. கல்லணையில் திறந்த தண்ணீர் கடைமடைக்கு எத்தனை நாளில் வந்தது என்பது வேகம். எவ்வளவு வந்தது என்பது உயரம். இரண்டும் வேறு. நரம்பிழைகள் செத்துக் குறைந்திருந்தால், மிச்சமிருக்கும் இழைகள் செய்தியை ஏறக்குறைய வழக்கமான வேகத்திலேயே கொண்டுவரும், ஆனால் அலை குட்டையாகிவிடும். இழையின் மேலுறை கெட்டிருந்தால் அலை தாமதமாக வரும், சிதறி அகலமாகும், சில இடத்தில் பாதி வழியிலேயே நின்றுவிடும். முதலாவதை ரிப்போர்ட்டில் 'ஆக்ஸோனல்' என்றும் இரண்டாவதை 'டிமையலினேட்டிங்' என்றும் எழுதுவார்கள். நாட்பட்ட சர்க்கரை நோயில் கடைமடை முதலில் காய்வது போல, மிக நீளமான நரம்புகளின் நுனி முதலில் பாதிக்கப்படும். பாதத்தில் தொடங்கி முழங்கால் பக்கம் ஏறும்போதுதான் விரல் நுனிகளிலும் மதமதப்பு தெரியும்.

சோதனை நார்மல் ஆனாலும் நோய் இருக்கும் இடங்கள் இவை. இந்தச் சோதனை தடித்த, விரைவான இழைகளை மட்டுமே பார்க்கும். எரிச்சலையும் சூட்டையும் உணர்த்தும் மெல்லிய இழைகள் இதில் தெரியவே தெரியாது. பாதம் தீயாய் எரிகிறது என்று வரும் சர்க்கரை நோயாளிக்கு ரிப்போர்ட் முழுக்க நார்மலாக இருக்கலாம், அவர் சொல்வது பொய்யில்லை. இடுப்பு டிஸ்க் நரம்பு வேரை அழுத்தினாலும் காலின் உணர்ச்சி அலை நார்மலாகவே வரும், ஏனென்றால் உணர்ச்சி நரம்பின் செல் அழுத்தம் இருக்கும் இடத்துக்கு வெளியே இருக்கிறது. அங்கே ஊசிச் சோதனையும், செய்தி தண்டுவடம் வரை போய்த் திரும்புவதைப் பார்க்கும் எச்-ரிஃப்ளெக்ஸும் கை கொடுக்கும்.

அடுத்து நாள் கணக்கு. அரிவாள் வெட்டிலோ விபத்திலோ நரம்பு அறுந்தால், அறுபட்ட இடத்துக்குக் கீழே இருக்கும் துண்டு உடனே சாவதில்லை. தசை அலை மறைய ஒரு வாரம் வரை, உணர்ச்சி அலை மறைய 10, 11 நாள் ஆகும். அதுவரை கீழ்த்துண்டைத் தூண்டினால் நன்றாகவே பதில் சொல்லும். ஊசியில் தெரியும் தசைத் துடிப்புகள் வர 2 முதல் 3 வாரம் வேண்டும். ஆகவே மூன்றாம் நாள் எடுத்த சோதனையை வைத்து "நரம்பு நல்லாயிருக்கு" என்று சொல்லக்கூடாது. மூன்று வாரத்துக்குப் பிறகு ஒரு முறை எடுத்தால்தான் முழுக் கணக்கு தெரியும். உடலின் எதிர்ப்பு சக்தியே நரம்புகளைத் தாக்கும் ஜி.பி.எஸ். (கியான்-பாரே) நோயிலும் முதல் வாரத்தில் எல்லாம் நார்மலாக இருந்து, தண்டுவடம் வரை போய்த் திரும்பி வரும் எஃப்-வேவ் என்ற அலை மட்டும் காணாமல் போயிருக்கலாம். கால் கை வேகமாக விழுந்துகொண்டே வருகிறவருக்கு ரிப்போர்ட் நார்மல் என்று சொல்லி வீட்டுக்கு அனுப்பினால் மூச்சுத் திணறலோடு திரும்பி வருவார்.

நம் பக்கத்தில் வழக்கமாக வருபவை சிலவற்றைத் தொட்டுவிடுகிறேன். நெடுநேரம் குந்தி உட்கார்ந்து களை எடுத்த பிறகு பாதத்தைத் தூக்க முடியாமல் செருப்பு இழுபட நடந்து வருவார்கள். முழங்காலுக்கு வெளிப்புறம், கீழே, உருண்டையாகக் கைக்குப் படும் எலும்பைச் சுற்றி ஓடும் பெரோனியல் நரம்பு அழுந்தியிருக்கும். அந்த எலும்புக்கு மேலும் கீழும் தூண்டி அலை உயரத்தை ஒப்பிட்டால் அழுத்தம் அங்கேதானா என்று தெரிந்துவிடும். கீழே தூண்டினால் நல்ல அலை, மேலே தூண்டினால் பாதி அலை என்றால் நரம்பு அறவில்லை, அந்த இடத்தில் அடைத்துக்கொண்டிருக்கிறது. அப்படியானால் வாரக்கணக்கில் சரியாகும் வாய்ப்பு நல்லது. முழங்கையில் நரம்பு கயிறு போலத் தடித்து, தோலில் உணர்ச்சியற்ற வெளிறிய தேமலும் இருந்தால் தொழுநோயை நினைக்க வேண்டும். சோதனைக்கு முன்பே அந்தத் தேமலைத் தொட்டுப் பாருங்கள்.

பூச்சிமருந்து விஷமும் பாம்புக்கடியும் தனி. விஷம் உள்ளே போய் 1 நாளிலிருந்து 4 நாளுக்குள் கழுத்தைத் தூக்க முடியாமல் போனாலோ, கடிபட்டவருக்கு இமை தொங்கினாலோ அது அவசரம். நரம்புக்கும் தசைக்கும் இடையிலான இணைப்பைத் திரும்பத் திரும்பத் தூண்டிப் பார்க்கும் சோதனை உண்டு, ஆனால் அதற்காக சிகிச்சையை ஒரு நிமிடமும் நிறுத்தி வைக்கக்கூடாது. அவர்களை உங்கள் தாளில் சேர்க்கவே வேண்டாம்.

---

குடந்தை பிசியோ:

மூவருக்கும் நன்றி. இப்படி மாற்றியிருக்கிறேன், பிழை இருந்தால் சொல்லுங்கள்:

"நரம்புக் கடத்தல் சோதனை. இங்கே நரம்பு என்பது மூளைக்கும் கை கால்களுக்கும் இடையே செய்தி கொண்டுபோவது, ரத்தக் குழாய் அல்ல. நரம்பு செய்தியை எவ்வளவு வலுவாக, எவ்வளவு விரைவாகக் கொண்டுபோகிறது என்று சிறு மின் துடிப்பு கொடுத்துப் பார்ப்போம். முழங்கை இடிபட்டது போல 'விர்ர்' என்று இருக்கும், உடனே போய்விடும். இது சோதனைதான், சிகிச்சை அல்ல. சாப்பிட்டுவிட்டு வரலாம். அன்று கை காலில் எண்ணெய், தைலம், பற்று வேண்டாம். தளர்வான உடை போட்டு வரவும். மோதிரம், வளையல், கொலுசு, மெட்டி கழற்றி வரவும். பேஸ்மேக்கர் உள்ளவர்களுக்குச் செய்ய முடியாது. ரத்தம் உறையாமலிருக்கச் சாப்பிடும் மாத்திரையை இரண்டு நாள் நிறுத்தி வரவும். சோதனை நார்மல் என்றால் தடித்த நரம்பிழைகள் நன்றாக இருக்கின்றன என்று பொருள். தொந்தரவு தொடர்ந்தால் டாக்டரிடம் மறுபடி காட்டவும்."

---

மயூரம் நியூரோ:

கடைசி இரண்டு வாக்கியமும் நன்றாக வந்திருக்கின்றன. மாத்திரை வரியை உடனே எடுத்துவிடுங்கள். இதயத்தில் செயற்கை வால்வு வைத்தவர் அதைப் படித்துவிட்டு இரண்டு நாள் நிறுத்தினால் பக்கவாதம் வரலாம். "எந்த மாத்திரையையும் நீங்களாக நிறுத்த வேண்டாம், சாப்பிடும் மாத்திரைகளின் சீட்டைக் கொண்டு வாருங்கள்" என்று போடுங்கள். நரம்பு-தசை இணைப்பு பலவீனப்படும் மயஸ்தீனியா நோய்க்கு மாத்திரை சாப்பிடுகிறவருக்குச் சில மணி நேரம் முன்பு நிறுத்தச் சொல்வது உண்டு, அதை அவருடைய டாக்டர் நேரில் சொல்லட்டும். பேஸ்மேக்கர் வரியும் தவறு. உடலுக்குள் பொருத்திய பேஸ்மேக்கர் இருப்பவருக்கு வழக்கமான கை கால் சோதனை பெரும்பாலும் செய்யலாம், கருவிக்கு அருகில் தூண்டாமல் கவனமாகச் செய்வோம். வெளியே வயர் தெரியும் தற்காலிக பேஸ்மேக்கர் என்றால்தான் கூடாது. "இருந்தால் முன்கூட்டியே சொல்லவும்" என்பது போதும்.

---

தஞ்சை நியூரோ லேப்:

மெட்டியையும் எடுத்துவிடுங்கள். கழற்றச் சொன்னால் பாதிப் பேர் மனம் சங்கடப்பட்டே படுப்பார்கள், அதற்கு அவசியமும் இல்லை. கால் சோதனையில் மின்முனைகள் வருவது வெளிக் கணுக்காலுக்குப் பின்னால், பாதத்தின் மேல்புறம், உட்பாத வளைவு, பெருவிரல், சுண்டு விரல் ஆகிய இடங்களில். இரண்டாவது விரலில் எதுவும் ஒட்டுவதில்லை. கொலுசு மட்டும் கழற்ற வேண்டும், மின்முனையும் தூண்டியும் வைக்கும் இடத்தில்தான் அது கிடக்கும்.

வளையலுக்கும் ஒரு மாற்று சொல்கிறேன். கர்ப்பகாலத்தில் கை வீங்கி மணிக்கட்டு நரம்பு அழுந்தி வருகிறவர்கள் நிறைய, அவர்களில் பலர் வளைகாப்பு முடிந்து கை நிறையக் கண்ணாடி வளையலோடு வருவார்கள். கழற்ற மாட்டார்கள், கழற்றச் சொல்லவும் வேண்டாம். வளையல்களை முன்கையின் நடுப்பகுதிக்கு ஏற்றி, ஒரு துணியைச் சுற்றிச் செருகினால் நிற்கும். மணிக்கட்டும் முழங்கை மடிப்பும் வெளியே தெரிந்தால் போதும். டேப்பைத் துணிக்கு மேலாகப் போடாமல் அடியில் நுழைத்துத் தோலை ஒட்டி அளந்துகொள்ளுங்கள்.